துணை வேடத்தில் ஒரு மனிதர்

(முன்னாள் மாணவர் சங்கச் சந்திப்பில் நிகழ்த்திய உரையின் எழுத்து வடிவம்)

 

பேச அழைத்தபோது செயலாளர் ஒரே ஒரு நிபந்தனைதான் போட்டார். "டெக்னிகல் பேப்பர் எதுவும் வாசிச்சிடாதீங்க. சாப்பாட்டுக்கு முந்தின நிகழ்ச்சி." அதனால் சினிமாவைப் பற்றிப் பேசலாம் என்று வந்திருக்கிறேன். கொஞ்சம் என்ஜினீயரிங்கும் நடுவில் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இந்த மாதிரி விழாக்களில் பொதுவாகக் கதாநாயகர்களைப் பற்றித்தான் பேசுவோம். யூனிவர்சிட்டி ரேங்க் வாங்கினவர், கம்பெனி ஆரம்பித்தவர், பேப்பரில் போட்டோ வந்தவர். நியாயம்தான். ஆனால் கணக்குப் பார்த்தால் நம்மில் நூற்றுக்குத் தொண்ணூறு பேர் துணை வேடக்காரர்கள். டைட்டிலில் நாலாவது, ஐந்தாவது பெயர் நம்முடையது. நாம் இல்லாமல் படம் ஓடாது. ஆனால் நமக்காக யாரும் டிக்கெட் வாங்கி வருவதும் இல்லை. அப்படிப்பட்ட ஒருவரைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறேன். ஜெர்மனியில் சினிமா பேசத் தொடங்கிய காலத்தில் புகழ் பெற்ற குணச்சித்திர நடிகர் அவர். பெயர் குர்ட் கெரோன்.

1897-ஆம் ஆண்டு மே 11 அன்று பெர்லினில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். மருத்துவம் படிக்க ஆசைப்பட்டவர். முதல் உலகப் போர் வந்தது. ஜெர்மன் ராணுவத்தில் சேர்ந்து பலத்த காயம் பட்டார். போர் முடிந்தபின் டாக்டர் கனவை விட்டுவிட்டு நாடக மேடைக்குப் போனார். ஆள் மகா பருமன். கதாநாயகன் வேடம் கிடைக்காது என்பது அவருக்கே தெரியும். வில்லன், மேனேஜர், போலீஸ் அதிகாரி, வக்கீல் என்று எது கிடைத்தாலும் செய்தார். மௌனப் படங்களிலும் டஜன் கணக்கில் தலைகாட்டினார்.

அவருடைய சொத்து உடம்பு மட்டும் இல்லை, குரல். 1928 ஆகஸ்ட் 31 அன்று பெர்லினில் பிரெக்ட் எழுதி, குர்ட் வைல் இசையமைத்த 'மூன்று காசு ஓபரா' அரங்கேறியது. அதில் போலீஸ் தலைவராக நடித்தவர் கெரோன். நாடகத் தொடக்கத்தில், கத்தியோடு திரியும் மேக்கி என்ற கொலைகாரனைப் பற்றித் தெருப்பாடகன் பாடும் பாட்டையும் அவர்தான் பாடினார். பின்னாளில் உலகம் முழுக்க எத்தனையோ பேர் எத்தனையோ மொழிகளில் பாடிய பாட்டு அது. மேடையில் அதை முதலில் பாடிய குரல் இவருடையது.

இப்போது நான் சொன்ன என்ஜினீயரிங். சினிமாவைப் பேச வைக்க ஜெர்மனியில் மூன்று பேர் ரொம்ப நாளாகப் பாடுபட்டுக்கொண்டிருந்தார்கள். ஃபோக்ட், எங்கல், மசோல் என்று பெயர். ஒலியை மின்சாரமாக்கி, மின்சாரத்தை ஒளியின் ஏற்ற இறக்கமாக்கி, அந்த ஒளியைப் படச்சுருளின் ஓரத்திலேயே பதிவு செய்வது அவர்கள் முறை. படம் ஓட்டும்போது அதே பாதையில் திரும்பி வந்து ஒலிபெருக்கியில் முடியும். 1922 செப்டம்பரில் பெர்லினில் பொதுமக்களுக்குப் போட்டுக் காட்டினார்கள். காட்சி நடந்தது, வியாபாரம் நடக்கவில்லை. பேசும் படத்தில் யாருக்கும் நம்பிக்கை இல்லை.

பிறகு அமெரிக்காவில் படங்கள் பேசத் தொடங்கியதும் ஜெர்மனியும் விழித்துக்கொண்டது. சீமென்ஸும் ஏஇஜியும் சேர்ந்து 1928-இல் கிளாங்ஃபிலிம் என்ற கம்பெனியைத் தொடங்கின. ஊஃபா என்ற பெரிய ஸ்டூடியோ 1929-இல் பெர்லினுக்குப் பக்கத்தில் பாபெல்ஸ்பெர்க்கில் நாலு ஒலிப்பதிவுத் தளங்களைச் சிலுவை வடிவத்தில் கட்டியது. வெளிச் சத்தம் உள்ளே வராதபடி கனமான செங்கல் சுவர்கள். இருந்தாலும் தொல்லை தீரவில்லை. கேமரா ஓடும் சத்தத்தை மைக் பிடித்துவிடும். அதற்காகக் கேமராவையும் கேமராமேனையும் சேர்த்து ஒரு பெட்டிக்குள் போட்டு அடைத்தார்கள். நடிகர் மைக்கை விட்டு விலகினால் குரல் காணாமல் போகும். வேற்றுமொழி டப்பிங் இன்னும் பழக்கத்துக்கு வராத நேரம். ஒரே செட்டில் ஒரே காட்சியை ஜெர்மன், ஆங்கிலம், பிரெஞ்சு என்று மாற்றி மாற்றி எடுத்தார்கள்.

புதுத் தொழில்நுட்பம் வந்தால் என்ன நடக்கும் என்று நமக்குத் தெரியும். சிலர் ஓரங்கட்டப்படுவார்கள், சிலருக்கு வாசல் திறக்கும். முகத்தை மட்டுமே நம்பியிருந்த மௌனப்பட நட்சத்திரங்கள் தடுமாறினார்கள். அமெரிக்காவில் பெரும் புகழோடு இருந்த எமில் யானிங்ஸ், சிறந்த நடிகருக்கான முதல் ஆஸ்கரை வாங்கியவர், அவருடைய ஆங்கில உச்சரிப்பு சரிப்படாமல் ஜெர்மனிக்கே திரும்பினார். ஆனால் நாடகத்திலும் காபரே மேடையிலும் வருஷக்கணக்கில் தொண்டையைப் பழக்கியிருந்த துணை நடிகர்களுக்கு அது பொற்காலம். நாலு வரி வசனத்தில் ஒரு ஆளைக் கண்முன் நிறுத்தத் தெரிந்தவர்கள் அவர்கள். கெரோனுக்கு நேரம் வந்தது.

1930 ஏப்ரல் 1 அன்று பெர்லினில் 'நீல தேவதை' வெளியானது. இயக்கியவர் ஜோசப் ஃபான் ஸ்டெர்ன்பெர்க். கண்டிப்பான ஒரு பள்ளி ஆசிரியர், மாணவர்களைக் கண்டிக்கப் போன இடத்தில் ஒரு மேடைப் பாடகியிடம் மனதைப் பறிகொடுத்து வேலையை இழக்கிறார். கடைசியில் அந்த நாடகக் குழுவிலேயே கோமாளியாகிறார். ஆசிரியர் யானிங்ஸ். பாடகி மார்லீன் டீட்ரிக். குழுவின் முதலாளி, மந்திரவாதி கீபெர்ட் வேடத்தில் கெரோன். படத்தில் ஒலியைப் பயன்படுத்திய விதத்தை மாணவர்கள் கவனித்துப் பார்க்க வேண்டும். ஒப்பனை அறைக் கதவு திறந்தால் மேடைப் பாட்டு உள்ளே கொட்டும், மூடினால் நின்றுபோகும். இன்றைக்கு இது சாதாரணம். அன்றைக்கு அது ஒரு கண்டுபிடிப்பு.

அந்தப் படத்தின் உச்சக் காட்சியில், ஆசிரியர் பாடம் நடத்திய அதே ஊர்க்காரர்களின் முன்னால் அவரைக் கோமாளி வேஷத்தில் நிறுத்தி, தலையில் முட்டையை உடைத்து, சேவல் மாதிரி கூவச் சொல்கிறான் கீபெர்ட். அவமானத்தில் அந்த மனிதர் எழுப்பும் சத்தத்தை ஒருமுறை கேட்டால் மறக்காது. ஒரு மனிதனை வேடிக்கைப் பொருளாக்குகிற முதலாளியாக கெரோன் அவ்வளவு சாதாரணமாக நடித்திருப்பார். அவனுக்கு அது தினசரி வேலை, அவ்வளவுதான். இந்தக் காட்சியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

அதே 1930-இல் 'பெட்ரோல் பங்க் நண்பர்கள் மூவர்' என்ற இசைப்படம். கையில் காசில்லாமல் போன மூன்று வாலிபர்கள் காரை விற்று பெட்ரோல் பங்க் வைக்கிற கதை. வேலையில்லாத் திண்டாட்டத்தில் நாடே தவித்த நேரத்தில் மக்கள் கூட்டம் கூட்டமாகப் போய்ப் பார்த்தார்கள். அதில் கெரோன் வக்கீல். அடுத்த ஆண்டே இயக்குநர் நாற்காலியிலும் உட்கார்ந்தார். 1931, 1932 இரண்டே வருஷத்தில் ஊஃபாவுக்காக வரிசையாகப் படங்கள் எடுத்தார். துணை நடிகர், பாடகர், இயக்குநர் மூன்றும் சேர்ந்த ஆள் என்றால் ஸ்டூடியோவுக்கு லாபம்தானே!

கதையை இங்கே நிறுத்தினால் நல்ல சக்ஸஸ் ஸ்டோரி. ஆனால் 1933 ஜனவரியில் ஹிட்லர் பதவிக்கு வந்தார். மார்ச் 28 அன்று பிரச்சார மந்திரி கோயபல்ஸ் பெர்லினில் சினிமாக்காரர்களைக் கூட்டிப் பேசினார். மறுநாள், மார்ச் 29, ஊஃபாவின் நிர்வாகக் குழு கூடியது. யூத ஊழியர்கள், கலைஞர்களின் ஒப்பந்தங்களை முடிந்தவரை ரத்து செய்வது என்று தீர்மானம் போட்டார்கள். யார் யார் என்று பெயர் வாரியாகப் பார்த்தார்கள். நான் மேலே சொன்ன இரண்டு படங்களையும் தயாரித்து கம்பெனிக்குப் பணமும் பெயரும் சம்பாதித்துக் கொடுத்த எரிக் பொம்மரையும் விடவில்லை.

நண்பர்களே, இங்கே ஒரு நிமிஷம் நின்று யோசிக்க வேண்டும். அந்தத் தேதியில் ஒரு தனியார் கம்பெனி இப்படிச் செய்தாக வேண்டும் என்று சட்டம் எதுவும் கிடையாது. யூதர்களை அரசுப் பணியிலிருந்து நீக்கும் சட்டமே ஏப்ரல் 7-ஆம் தேதிதான் வந்தது. சினிமாத் துறைக்கான தடை அதற்கும் பின்னால் அந்தக் கோடையில் வந்தது. அந்த அறையில் உட்கார்ந்திருந்தவர்களின் நெற்றியில் யாரும் துப்பாக்கி வைக்கவில்லை. கோட்டு சூட்டு போட்ட படித்த மனிதர்கள், மேஜையைச் சுற்றி உட்கார்ந்து, மினிட்ஸ் எழுதிக் கையெழுத்துப் போட்டார்கள். மற்ற கூட்டங்களில் ஃபிலிம் ஸ்டாக் வாங்குவதற்கும் சம்பளம் நிர்ணயிப்பதற்கும் எப்படிப் போடுவார்களோ அப்படியே.

ஏப்ரல் 1 அன்று நாடு முழுக்க யூதர்களைப் புறக்கணிக்கும் நாள் என்று நாஜிகள் அறிவித்திருந்தார்கள். 'நீல தேவதை' வெளியாகி அன்றைக்குச் சரியாக மூன்று வருஷம். கெரோன் அப்போது ஒரு படத்தை இயக்கிக்கொண்டிருந்தார். படப்பிடிப்புத் தளத்திலிருந்தே வெளியேற்றப்பட்டார். மீதிப் படத்தை வேறொருவர் முடித்தார். அது திரைக்கும் வந்தது. நாலு நாள் முன்புவரை அவரிடம் "ஷாட் ரெடி சார்" என்று சொன்ன அதே கேமராமேன்கள், அதே ஒலிப்பதிவாளர்கள், அதே எலக்ட்ரீஷியன்கள் மறுநாளும் வேலைக்கு வந்திருப்பார்கள். லைட் எரிந்தது, மைக் வேலை செய்தது. தொழில் நின்றுவிடவில்லை.

கெரோன் பாரிஸ் போனார், வியன்னா போனார், பிறகு ஹாலந்தில் குடியேறினார். டச்சு மொழியில் படங்கள் இயக்கினார். மனிதர் உழைப்பாளி, எந்த ஊரில் விட்டாலும் ஒரு மேடையைத் தேடிக்கொள்வார். ஆனால் 1940 மே மாதம் ஜெர்மன் படை ஹாலந்துக்குள்ளும் வந்துவிட்டது. அதே ஆண்டு பெர்லினில் யூதர்களை இழிவுபடுத்த நாஜிகள் எடுத்த ஒரு பிரச்சாரப் படத்தில், கெரோன் நடித்த பழைய படத்தின் துண்டுகளையும் ஒட்டிச் சேர்த்தார்கள். எந்த உடம்பையும் முகத்தையும் பார்த்து ஜனங்கள் சிரித்து மகிழ்ந்தார்களோ, அதையே காட்டி வெறுக்கச் சொன்னார்கள்.

ஆம்ஸ்டர்டாமில் யூதர்கள் யூதர்களுக்கு மட்டுமே நடிக்கலாம் என்று ஒதுக்கிய ஒரு நாடக அரங்கில் நடித்தார். அந்த அரங்கையே பிறகு ஆட்களைப் பிடித்து அடைத்து ரயிலேற்றும் இடமாக மாற்றினார்கள். பெற்றோரை அவருக்கு முன்பே கொண்டுபோய்க் கொன்றார்கள். அவரை 1943-இல் வெஸ்டர்போர்க் முகாமுக்கும், 1944 பிப்ரவரியில் மனைவி ஓல்காவோடு தெரேசியன்ஷ்டாட் என்ற ஊருக்கும் அனுப்பினார்கள்.

தெரேசியன்ஷ்டாட், பிராக் நகருக்கு வடக்கே சுமார் 60 கிலோமீட்டரில் உள்ள பழைய கோட்டை ஊர். முன்பு சுமார் 7,000 பேர் வாழ்ந்த இடத்தில் ஒரு கட்டத்தில் 58,000 பேருக்கு மேல் அடைத்து வைத்தார்கள். மொத்தம் சுமார் 1,40,000 யூதர்கள் அங்கே கொண்டுவரப்பட்டார்கள். ஏறக்குறைய 33,000 பேர் அங்கேயே பசியிலும் நோயிலும் செத்தார்கள். 88,000 பேரை அங்கிருந்து கொலை முகாம்களுக்கும் மற்ற இடங்களுக்கும் ரயிலேற்றினார்கள்.

1944 ஜூன் 23 அன்று செஞ்சிலுவைச் சங்கத்தார் அந்த ஊரைப் பார்க்க வந்தார்கள். அவர்கள் வருவதற்கு முன் சுவருக்குச் சுண்ணாம்பு அடித்து, பூச்செடி நட்டு, பூங்காவில் பெஞ்சு போட்டார்கள். கூட்டம் அதிகமாகத் தெரியக்கூடாது என்று மே மாதமே சுமார் 7,500 பேரை ஆஷ்விட்ஸுக்கு அனுப்பினார்கள். வந்தவர்கள் பார்த்தார்கள், திருப்தியாகத் திரும்பிப் போனார்கள். செட்டு நன்றாக அமைந்துவிட்டது, அப்படியே படமும் எடுத்துவிடலாம் என்று அதிகாரிகளுக்குத் தோன்றிவிட்டது. முகாமுக்குள்ளேயே ஒரு தேர்ந்த இயக்குநர் கைதியாக இருக்கிறாரே! கெரோனுக்கு உத்தரவு போட்டார்கள்.

ஆகஸ்டிலும் செப்டம்பரிலுமாகப் படப்பிடிப்பு நடந்தது. கால்பந்து ஆட்டம், தோட்ட வேலை, குழந்தைகளின் இசை நாடகம், கச்சேரி. கச்சேரியில் பாவெல் ஹாஸ் என்ற இசையமைப்பாளரின் படைப்பை வாசித்தார்கள். படத்தில் யாருக்கும் பசி இல்லை. பூங்காவில் உட்கார்ந்து பேசுகிறார்கள், நூலகத்தில் படிக்கிறார்கள். படம் முடிந்த கையோடு, செப்டம்பர் 28 முதல் அக்டோபர் 28 வரை பதினோரு ரயில்களில் 18,000-க்கும் மேற்பட்டவர்களை ஆஷ்விட்ஸுக்கு அனுப்பினார்கள். அந்த நாடகத்தில் பாடிய குழந்தைகள் பலர் அதில் போனார்கள். பாவெல் ஹாஸ் போனார். கடைசி ரயிலில் குர்ட் கெரோனும் ஓல்காவும் ஏற்றப்பட்டார்கள். போய்ச் சேர்ந்ததுமே கொன்றுவிட்டார்கள். அவருக்கு வயது 47. நவம்பர் தொடக்கத்தில் அங்கே விஷவாயு அறைகளை நிறுத்திவிட்டார்கள்.

எடுத்த படத்தை வெட்டி ஒட்டுவதற்குக்கூட கெரோனை விடவில்லை. வேறு ஆட்கள் வைத்து 1945 மார்ச்சில் முடித்தார்கள். சில பேருக்கு மட்டும் போட்டுக் காட்டினார்கள். அதற்குள் போரே முடியப்போகும் கட்டம். இன்று அந்தப் படத்தின் சில துண்டுகள்தான் மிச்சம்; சேர்த்துப் பார்த்தால் அரைமணி நேரம்கூட வராது.

போருக்குப் பிறகு உயிர் தப்பி வந்தவர்களில் சிலர் கெரோனை மன்னிக்கவில்லை. பசியோடு இருந்தவர்களைச் சிரிக்கச் சொன்னாரே, பொய்க்குத் துணை போனாரே என்று கோபப்பட்டார்கள். அவர்களுக்கு அந்தக் கோபத்துக்கு உரிமை உண்டு. அவர்கள் அங்கே இருந்தவர்கள். வேறு சிலர், படம் எடுத்த நாட்கள்வரை ரயில் நிற்கும் என்று அவர் நம்பியிருக்கலாம் என்றார்கள். இன்னும் சிலர், கேமராவும் ஃபிலிமும் கையில் வந்ததும் அந்தப் பழைய இயக்குநர் விழித்துக்கொண்டிருப்பார் என்றார்கள். அவர் மனசுக்குள் போய்ப் பார்க்க நமக்கு வழியில்லை. 2002-இல் வந்த 'பிரிசனர் ஆஃப் பாரடைஸ்' என்ற ஆவணப்படமும் இந்தக் கேள்வியைச் சுற்றித்தான் வருகிறது.

நான் சொல்ல வந்தது என்னன்னா, இந்தக் கேள்வியை நாம் தப்பான வருஷத்தில் கேட்கிறோம். 1944-இல் தெரேசியன்ஷ்டாட்டில் ஒரு கைதியைப் பார்த்து "நீ ஏன் மறுக்கவில்லை?" என்று கேட்கிறோம். 1933 மார்ச் 29-இல் பெர்லினில், வயிறாரச் சாப்பிட்டுவிட்டு வந்து கூட்டத்தில் உட்கார்ந்தவர்களைப் பார்த்து அந்தக் கேள்வியைக் கேட்பவர்கள் எத்தனை பேர்? மறுக்க முடிந்த இடம் அது. வேலை போயிருக்கலாம், பதவி உயர்வு போயிருக்கலாம். அந்த நாளில் உயிர் போயிருக்காது.

'நீல தேவதை' படத்தின் மூன்று பேரையே எடுத்துக்கொள்ளுங்கள். மார்லீன் டீட்ரிக் படம் வெளியான இரவே அமெரிக்காவுக்குக் கிளம்பியவர். நாஜிகள் திரும்பி வரச் சொல்லி அழைத்தும் வரவில்லை. 1939-இல் அமெரிக்கக் குடியுரிமை பெற்று, போர்முனையில் நேச நாட்டுப் படையினருக்காகப் பாடினார். எமில் யானிங்ஸ் ஜெர்மனியிலேயே இருந்து, 1941-இல் வந்த 'ஓம் க்ரூகர்' போன்ற பிரச்சாரப் படங்களில் நடித்து விருதும் பட்டமும் வாங்கினார். போருக்குப்பின் அவருக்குப் பட வாய்ப்பே இல்லை. இந்த இரண்டு பேருக்கும் தேர்ந்தெடுக்கும் சுதந்திரம் இருந்தது. ஒருவர் ஒரு வழி போனார், மற்றவர் இன்னொரு வழி போனார். மூன்றாமவருக்கு அந்தச் சுதந்திரத்தை யாரும் மிச்சம் வைக்கவில்லை. படத்தில் ஆசிரியரைக் கூவ வைத்தவர், வாழ்க்கையில் கூவ வைக்கப்பட்டார். நாமோ கூவியவரை மட்டும் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுகிறோம்.

மாணவர்களுக்கு இதைச் சொல்லக் காரணம் இருக்கிறது. இன்னும் சில மாதத்தில் கேம்பஸ் இன்டர்வியூ முடித்து வேலைக்குப் போவீர்கள். பெரிய பெரிய முடிவெல்லாம் மேலே இருப்பவர்கள் எடுப்பார்கள், நமக்கென்ன என்று நினைப்பீர்கள். ஆனால் எந்த முடிவும் மேலேயே நின்றுவிடாது. ஒரு நாள் அது ஒரு பட்டியலாக, ஒரு சுற்றறிக்கையாக, ஒரு மீட்டிங் மினிட்ஸாக உங்கள் மேஜைக்கு வரும். யாரோ ஒருவரின் பெயரை எந்த நியாயமும் இல்லாமல் அடித்திருப்பார்கள். "நோட்டட்" என்று எழுதி இனிஷியல் போடுவது ரொம்ப சுலபம். பக்கத்து சீட்டுக்காரர் போட்டிருப்பார், அவருக்குப் பக்கத்தில் இருப்பவரும் போட்டிருப்பார்.

அன்றைக்கு ஒரு வரி எழுதுங்கள். "எனக்கு இதில் உடன்பாடில்லை" என்று ஒரே ஒரு வரி. அதனால் உலகம் மாறிவிடும் என்று நான் சொல்லவில்லை. ஆனால் நாலு பேர் எழுதினால் அந்தக் கூட்டம் இன்னும் அரைமணி நேரம் நீளும். கெரோன் மாதிரி ஆட்களின் கதையில் அந்த அரைமணி நேரத்தை யாரும் கொடுக்கவில்லை. துணை வேடக்காரர்களால் செய்யக்கூடிய காரியம் இது, கதாநாயகர்கள் தேவையில்லை.

விருப்பமிருந்தால் 'நீல தேவதை'யைத் தேடிப் பாருங்கள். டீட்ரிக்கையும் யானிங்ஸையும் பார்த்து முடித்தபிறகு, ஓரத்தில் தொப்பை தள்ளிக்கொண்டு உறுமும் அந்த மந்திரவாதியையும் கொஞ்சம் கவனியுங்கள். அவருடைய குரலைக் கேளுங்கள். அற்புதமான நடிகர்.

சாப்பாட்டு நேரம் ஆகிவிட்டது, செயலாளர் கடிகாரத்தைப் பார்க்கிறார்.